சுல்பாவும் காணாமற்போன அட்டைகளும்

மட்டிக்காரி சுல்பா என்று சொன்னால்தான் எங்கள் களப்புக்கரையில் ஆளை அடையாளம் தெரியும். வெறும் சுல்பா என்றால் எந்தச் சுல்பா என்று கேட்பார்கள். பின் ஒழுங்கையில் தையற்காரி சுல்பா ஒருத்தியும் இருக்கிறாள். அவள் வேறு குடும்பம்.

இவள் சித்தி ஸுலைஹாவின் மூத்த பிள்ளை. சித்தி என்பது முறை இல்லை, அவளுடைய பெயரே அப்படித்தான். சித்தி ஸுலைஹா மன்னார் எருக்கலம்பிட்டியாள். தொண்ணூறாம் ஆண்டு முஸ்லிம்களை வடக்கை விட்டுப் போகச் சொன்னபோது, இடுப்பில் சுல்பாவையும் வயிற்றில் முபாரிஸையும் சுமந்துகொண்டு வள்ளத்தில் கற்பிட்டிக்கு வந்து இறங்கியவள். அவளுடைய மாப்பிள்ளை, சுல்பாவின் வாப்பா, வந்த அடுத்த வருடமே காய்ச்சலில் மௌத்தாகிவிட்டார். அவருடைய மையித்தை எங்கள் மையவாடியில்தான் அடக்கினார்கள். அப்போது முபாரிஸ் கைக்குழந்தை.

வந்தவர்களுக்கு ஒரு தென்னந்தோட்டத்தில் இடம் கொடுத்தார்கள். தோட்டம் பெரியது, ஆள் குறைவு. கைகால் நீட்டி வசதியாக இருந்திருக்கலாம். ஆனால் ஒருவரும் தள்ளிப் போய்க் கொட்டில் போடவில்லை. சித்தி ஸுலைஹாவின் கொட்டிலோடு ஒட்டி அவளுடைய சாச்சி, சாச்சியோடு ஒட்டி சாச்சியின் மருமகள், அதற்குப் பின்னால் மருமகளின் நானா, அதாவது அண்ணன். ஒரு கொட்டிலில் மிளகாய் வறுத்தால் நாலு கொட்டிலில் தும்மல் கேட்கும். தோட்டத்தின் மற்றப் பக்கம் வெறுமையாகக் கிடந்தது. அங்கே மாடு மேய்ந்தது. இப்போது கல்வீடு கட்டிவிட்டார்கள். கல்வீடும் அப்படித்தான், சுவரோடு சுவர்.

சித்தி ஸுலைஹா களப்பில், கடலோடு சேர்ந்த அந்த உப்புத் தண்ணீர் ஏரியில், மட்டிச் சிப்பி பொறுக்கித்தான் இரண்டு பிள்ளைகளையும் வளர்த்தாள். சுல்பா பள்ளிக்கூடம் போனது கொஞ்சம், களப்புக்குப் போனது நிறைய. மட்டியைக் கண்ணால் தேட முடியாது, சேற்றுக்குள் கிடக்கும். காலால்தான் தேட வேண்டும். உள்ளங்காலில் சிப்பியின் விளிம்பு தட்டினால் குனிந்து எடுக்க வேண்டியதுதான். அதிலும் ஒரு விஷயம். கிடக்கிற இடத்தில் சிப்பிக்கு மேல் சிப்பியாகக் கிடக்கும். கொஞ்சம் தள்ளிக் காலை வைத்தால் வெறும் சேறு. ஏன் அப்படி என்று ஒருமுறை கேட்டதற்கு சுல்பா சொன்னாள்: “அதுக்குப் பிடிச்ச சேறு அங்கதான் இருக்கு. மறுகா என்னத்துக்கு ஊர் சுத்தணும்?”

அவளுக்கு மாம்புரியில் கலியாணம் பேசி வந்தது. மாப்பிள்ளை நிஸார். நிஸாரின் வாப்பாவும் என் மாமியின் மகனும் ஒரே உம்மாவிடம் பால் குடித்தவர்கள். அந்த முறையில் நிஸார் எனக்கும் சொந்தம்தான். அவர்கள் தோட்டக்காரர்கள். வெங்காயம் நட்டாலும் மிளகாய் நட்டாலும் பாத்தியில் கயிறு பிடித்து, கயிற்றில் முடிச்சுப் போட்டு, முடிச்சுக்கு ஒரு கன்று நடுவார்கள். தென்னம்பிள்ளை வைத்தாலும் அப்படித்தான், ஒன்றின் ஓலை மற்றதில் படக் கூடாது. அவர்களுடைய வீடுகளும் அதே கணக்கு. ஆளுக்கொரு வளவு, நடுவில் வேலி, ஒரு வீட்டில் கூப்பிட்டால் மற்ற வீட்டுக்குக் கேட்காது.

நிஸாரின் மூத்த சகோதரி ஜெய்னம்பு, வாய்க்காரி. கலியாணம் முடிந்த புதிதில் சம்பந்தி வீட்டைப் பார்க்க வந்தவள், சுல்பாவிடம் சொன்னாளாம்: “புள்ள, உங்கட ஆக்கள்ட பக்கம் வந்தா எந்தக் கதவால போறது, எந்தக் கதவால வாறது எண்டே வெளங்குதில்ல. உங்கட உம்மாட வீட்டுக்குள்ள போன நான், ஆர்ட்டயோ குசினியால வெளிய வந்தேன்.”

“வழியில எத்தின வீட்ல சாப்பிட்டீங்க மதினி?”

“ரெண்டு வீட்ல. விட்டாத்தானே!”

“மாம்புரியில ரெண்டு வீட்ல சாப்பிடணும் எண்டா பஸ்ஸேறணும், மதினி.”

ஜெய்னம்புவுக்குச் சிரிப்பும் வந்தது, கோபமும் வந்தது. அன்றிலிருந்து இரண்டு பேருக்கும் அப்படியே நடந்தது. அவள் ஒன்று சொன்னால் இவள் ஒன்று. ஆனால் பகை இல்லை.

நிஸார் கலியாணத்துக்குப் பிறகு சுல்பாவின் ஊரிலேயே இருந்துவிட்டான். எங்களில் மாப்பிள்ளை பெண் வீட்டோடு வருவது வழக்கம்தானே. கொஞ்சக் காலம் மாம்புரிக்குப் போய்வந்து மிளகாய் செய்தான். இலை சுருண்டு சுருண்டு இரண்டு போகம் வீணாய்ப் போனது. அந்த நேரத்தில்தான் களப்புக்கரையில் ஆளுக்காள் அட்டைப் பண்ணை போடத் தொடங்கினார்கள். அட்டை என்றால் இரத்தம் குடிக்கிற அட்டை இல்லை, கடலட்டை. வெள்ளை அட்டை என்போம், முதுகு சாம்பல், வயிறு வெள்ளை. களப்பில் கம்பு நட்டு வலையால் வேலி அடைத்து, சுண்டுவிரல் அளவான குஞ்சுகளைக் கொண்டுவந்து விட்டால், அது சேற்றைத் தின்று சேற்றிலேயே வளரும். தீன் போடத் தேவையில்லை. வளர்ந்ததும் அவித்துக் காயவைத்துப் பிறநாட்டுக்கு அனுப்புகிறவர்கள் வாங்குவார்கள்.

நிஸாரும் அனுமதி எடுத்து ஒரு பண்ணை போட்டான். காவலுக்கு, தண்ணீருக்குள் நாலு கால் நட்டு ஒரு கொட்டில். காவல்காரன் வேறு யார், சுல்பாவின் தம்பி முபாரிஸ்தான். முபாரிஸ் அதிகம் பேசாதவன், சொன்ன வேலையைச் செய்வான். அவனுக்குப் பெண்சாதியும் மூன்று சின்னப் பிள்ளைகளும் இருந்தார்கள். வழக்கப்படி அவன் பெண்சாதி வீட்டோடு, ஊரின் மறுகோடிப் பள்ளத்தில் இருந்தான்.

குஞ்சுகள் வந்த அன்று நானும் கரையில் நின்றேன். நிஸார் மாம்புரியிலிருந்து முடிச்சுக் கயிற்றைக் கொண்டுவந்திருந்தான். மச்சான்மார் இரண்டு பேரும் ஆளுக்கொரு முனையைப் பிடித்து, களப்புக்குள் கயிற்றை இழுத்துக் கட்டி, முடிச்சுக்கு ஒரு அட்டையாக வைத்துக்கொண்டே போனார்கள். சுல்பா இடுப்பில் கையை வைத்துக்கொண்டு பார்த்தாள். பிறகு சிரிக்கத் தொடங்கிவிட்டாள்.

“என்ன சிரிப்பு?” என்றான் நிஸார்.

“வெங்காயம் நடுறீங்களோ?”

“ஓம், வெங்காயம்தான். ஒண்டுக்கொண்டு இடம் விட்டாத்தான் கொழுக்கும். அங்க பாரு, கொக்குக்குக்கூட அது தெரியும்.”

உண்மைதான். கரையோரத் தண்ணீரில் கொக்குகள் யாரோ அளந்து வைத்ததுபோல இடைவெளி விட்டு நின்றன.

“கொக்கு சண்டைக்காரன்” என்றாள் சுல்பா. “ஒண்டுட மீனை மத்தது புடிச்சிடும் எண்டு கொத்திக் கொத்தித் தள்ளி நிக்குது. அட்டைக்கு ஆரோட சண்டை? நாளைக்கே அது தனக்குப் புடிச்ச இடத்துக்குப் போயிடும்.”

“எங்க போறது? வேலி இருக்கே.”

“வேலிக்குள்ளதான் போகும்.”

“வேலிக்குள்ள எங்க போனாலும் எனக்குச் சரி” என்று நிஸார் அடுத்த முடிச்சுக்குப் போனான். அன்று அந்தப் பேச்சு அதோடு முடிந்தது.

பண்ணையைப் பார்க்கிற முறையையும் சொல்ல வேண்டும், அதில்தான் பிழை நடந்தது. வெள்ளை அட்டை பகல் வெயிலில் சேற்றுக்குள் புதைந்து கிடக்கும். பின்னேரம் மேலே வரும். அசர் தொழுகைக்குப் பிறகு நிஸார் வலை வேலியின் வாசலிலிருந்து கொட்டில் வரைக்கும் ஒரே கோட்டில் நடப்பான். அந்த நடையில் கண்ணில் படுகிற அட்டையைப் பார்த்துக்கொள்வான். முழுப் பண்ணையையும் சுற்ற மாட்டான். வெங்காயப் பாத்தியில் ஒரு வரிசையைப் பார்த்தால் மற்ற வரிசைகள் எப்படி என்று தெரிந்துவிடும் அல்லவா? அந்தப் பழக்கம். நட்டது சமமாகத்தானே நட்டோம், அந்த வரிசையில் இருப்பதுதான் எல்லா இடத்திலும் இருக்கும் என்பது அவன் கணக்கு. பல மாதம் அந்தக் கணக்குக்கு ஒன்றும் நடக்கவில்லை. அந்தக் கோட்டில் எப்போதும் அட்டை இருந்தது. சுல்பா இடைக்கிடை, “கொட்டிலடியில கூட இருக்கு, வாசலடியில கொறையுது” என்று சொல்வாள். அவளும் அதைப் பெரிதாக எடுக்கவில்லை.

பிறகு கார்த்திகை மழை வந்தது. ஒரு கிழமையாக, ஏழு நாளும் விடாத மழை. தென்னந்தோட்டங்களில் நின்ற வெள்ளம் எல்லாம் வாய்க்கால் வழியாகக் களப்புக்குத்தான் வந்தது. களப்பு தேத்தண்ணி நிறமாய் இருந்தது. காற்றில் முபாரிஸின் கொட்டிலின் கூரைத் தகரம் பறந்தது. அதே நேரம் அவனுடைய வீட்டுக்குள்ளும் வெள்ளம். அவன் கொட்டிலை விட்டு வீட்டுக்குப் போய், பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு பள்ளிக்கூடத்துக்குப் போய்விட்டான். போன் சார்ஜ் இல்லை. மச்சானிடம் சொல்லவில்லை. மழை விட்டபின் வந்து, ஒன்றும் நடக்காததுபோலத் தகரத்தை அடித்துக்கொண்டிருந்தான். போனதைப் பிறகும் சொல்லவில்லை. அவனுடைய பிழை அது, வேறில்லை.

அன்று பின்னேரம் நிஸார் தன் கோட்டில் நடந்தான். ஒரு அட்டை இல்லை. மறுநாளும் நடந்தான், இல்லை. வள்ளத்தில் வெளியால் வலையைச் சுற்றிப் பார்த்தான், எங்கும் கிழியவில்லை. வலை கிழியாமல் அட்டை போனதென்றால் ஆள்தான் எடுத்திருக்க வேண்டும். ஆள் எடுத்ததென்றால் காவல்காரனுக்குத் தெரியாமல் எப்படி?

அதுவும் போதாதென்று ஜெய்னம்பு ஒரு செய்தி கொண்டுவந்தாள். மழை நாளில் கில்பட்டின் வள்ளம் பண்ணைக் கொட்டிலில் கட்டிக் கிடந்ததை யாரோ கண்டார்களாம். கில்பட் சிலாபப் பக்கத்து ஆள், வேதக்காரன், அதாவது கிறிஸ்தவன். கரையெல்லாம் அட்டை வாங்கித் திரிகிறவன். மழைக்கு ஒதுங்கத்தான் கட்டினான் என்பது பிறகு தெரிந்தது. அப்போது யார் கேட்டார்கள்?

நிஸார் முபாரிஸைத் தன் வீட்டுக்குக் கூப்பிட்டான். ஜெய்னம்பு வாசற்படியில் இருந்தாள். சுல்பா குசினிக்குள் அடுப்படியில் நின்றாள். பக்கத்து வீடுகளில் சத்தம் நின்றுவிட்டது. சுவரோடு சுவர் என்றேனே.

“மழைக்க நீ எங்க இருந்த?” என்று கேட்டான் நிஸார்.

“கொட்டில்ல” என்றான் முபாரிஸ். பிறகு, “ரெண்டு நாள் வீட்ட போனேன் மச்சான். வீட்டுக்குள்ள தண்ணி” என்றான்.

“எனக்குச் சொன்னியா?”

“போன் செத்துப் போச்சு.”

“என்ட வீடு செத்தா போச்சு? நடந்து வந்து சொல்ல ஏலாதா?”

நிஸார் அவனுடைய பதிலுக்கு நிற்கவில்லை, அடுத்ததைக் கேட்டான்.

“கில்பட்ட வள்ளம் என்னத்துக்கு அங்க நிண்டது?”

“எனக்குத் தெரியா. நான்தான் அங்க இல்லயே.”

“மொதல்ல கொட்டில்ல எண்டுறான், கேட்டா இல்ல எண்டுறான்” என்றாள் ஜெய்னம்பு. “நல்ல காவல்!”

“நான் எடுக்கல்ல மச்சான்.”

“அப்ப ஆரு எடுத்த? கொக்கா?” என்றான் நிஸார்.

நிஸார் அன்றிரவே பள்ளிவாசல் நிர்வாகத்தில் போய்ச் சொல்லிவிட்டான். நிர்வாகத்தில் பெரியவர் மர்ஸூக் ஹாஜியார். வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்ததும் இரண்டு பேரையும் வரச் சொன்னார். எங்கள் பக்கத்தில் இப்படியான பிரச்சினைக்கு ஒரு முடிவு உண்டு. சாட்சி இல்லாவிட்டால் குர்ஆனைத் தொட்டுச் சத்தியம் பண்ணச் சொல்வார்கள். பண்ணினால் விட்டுவிடுவார்கள். பண்ணாவிட்டால் அவன்தான் கள்ளன். ஊர் அப்படித்தான் எடுத்துக்கொள்ளும்.

“நான் பண்ணுறேன்” என்றான் முபாரிஸ். ஆனால் சித்தி ஸுலைஹா விடவில்லை. அவளுடைய குடும்பத்தில் அது இல்லை. அவளுடைய வாப்பாவின் வாப்பா ஒரு காணிக்காக, மெய்யைத்தான் சொல்லிச் சத்தியம் பண்ணி, அந்த வருடமே இரண்டு பிள்ளைகளைப் பறிகொடுத்தவர். அன்றிலிருந்து அவர்களில் ஒருவரும் மெய்யாக இருந்தாலும் குர்ஆனைத் தொட்டுச் சத்தியம் பண்ணுவதில்லை. எருக்கலம்பிட்டியில் அது எல்லோருக்கும் தெரியும். இங்கே யாருக்குத் தெரியும்?

“உனக்கு மூணு புள்ள இருக்கு” என்றாள் சித்தி ஸுலைஹா மகனிடம். “கள்ளன் எண்டு சொன்னாச் சொல்லட்டும். நீ தொட்டியோ, நான் உன்ட மூஞ்சியில முழிக்க மாட்டேன்.”

முபாரிஸ் சத்தியம் பண்ணினால் உம்மா இல்லை. பண்ணாவிட்டால் அவனுடைய பிள்ளைகள் கள்ளனின் பிள்ளைகள். சுல்பாவுக்கோ ஒரு பக்கம் மாப்பிள்ளை, மறுபக்கம் தம்பி. நிஸாரும் வாய் விட்டுக் கேட்டான்: “நீ உன்ட தம்பிட பக்கமா, என்ட பக்கமா?”

“நான் அட்டைட பக்கம்” என்றாள் சுல்பா. “மொதல்ல அதத் தேடினீங்களா?”

“தேடாமலா? ரெண்டு நாள் நடந்தேனே.”

“எங்க நடந்தீங்க?”

“வழமையா நடக்குற இடத்துலதான்.”

சுல்பா வியாழக்கிழமை பகல் சோற்றை இறக்கிவைத்துவிட்டு, மட்டிக்குப் போடுகிற பழைய சட்டையைப் போட்டு, முக்காட்டை இறுக்கிக் கட்டிக்கொண்டு களப்பில் இறங்கினாள்.

அவளும் முதலில் செய்தது நிஸார் செய்ததைத்தான். வாசலிலிருந்து கொட்டில் வரைக்கும் நடந்தாள். அட்டை இல்லை. அந்தக் கோட்டுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் காலால் கிண்டினாள். இல்லை. எனக்குச் சொல்லும்போது, “மாமி, அந்த நேரம் எனக்கே தம்பியில சந்தேகம் வந்துட்டு” என்றாள். கொட்டில் காலைப் பிடித்துக்கொண்டு நின்றாளாம். முகத்தில் தெறித்த தண்ணீர் உதட்டில் பட்டது. உப்பு இல்லை. கிணற்றுத் தண்ணீர் மாதிரி இருந்தது.

அப்போதுதான் காலடியில் கிடந்த மட்டிகள் அவளுடைய கவனத்துக்கு வந்தன. எல்லாம் வாய் பிளந்து செத்துக் கிடந்தன. பெருமழைக்குப் பிறகு கரையோர மட்டி சாவது அவளுக்குப் புதிதில்லை. நல்ல தண்ணீர் அதற்கு ஆகாது. மட்டியால் தூரம் போக ஏலாது, அதனால் சாகும். அட்டை ஊரும். அட்டையும் செத்திருந்தால் தோலாவது சதையாவது கிடக்க வேண்டும், அதுவும் இல்லை. அப்படியென்றால் உப்பு மிச்சமிருக்கிற இடத்துக்குப் போயிருக்க வேண்டும். உப்புத் தண்ணீர் பாரம், அடியில் நிற்கும். பண்ணைக்குள் ஆழம் எங்கே? கொட்டிலுக்கு எதிர்மூலையில், முன்னொரு காலம் வள்ளம் போன ஓடையின் தலைப்பு வலைக்குள் அகப்பட்டிருந்தது. நிஸார் அந்தப் பக்கம் போவதே இல்லை. அங்கே நெஞ்சளவு தண்ணீர், கீழே தெரியாது.

சுல்பா அந்த மூலைக்குப் போனாள். மேற்சேற்றில் ஒன்றும் தட்டவில்லை. காலைத் திருகித் திருகிச் சேற்றுக்குள் இறக்கினாள். கணுக்கால் புதைந்தபோது உள்ளங்காலுக்குக் கீழே வழுவழுவென்று ஒன்று உருண்டது. மற்றக் காலை வைத்தாள், அதன் கீழும் ஒன்று. ஒரு எட்டு வைத்தாள், உருளைக்கிழங்குச் சாக்கின் மேல் ஏறி நின்றதுபோல இருந்ததாம். மூச்சைப் பிடித்து முங்கி ஒன்றைப் பிடுங்கிக்கொண்டு வந்தாள். வெள்ளை அட்டை. மெலிந்திருந்தது, ஆனால் உயிர் இருந்தது.

நிஸாரை வரச் சொல்லி ஆள் அனுப்பினாள். அவன் கரையில் நின்று, “என்ன?” என்று கேட்டான். அவள், “இறங்கி வாங்க” என்று மட்டும் சொன்னாள். அவன் சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு வந்தான். அவள் தன் பக்கத்தில் இடத்தைக் காட்டினாள்.

“காலை இறக்குங்க. இன்னும். இன்னும் இறக்குங்க.”

நிஸாரின் முகம் மாறியதை அவள் பார்த்தாள். அவன் காலை எடுத்து வேறு இடத்தில் வைத்தான், மறுபடி வேறு இடத்தில் வைத்தான்.

“எல்லாம் இங்கயா?” என்றான் கடைசியில்.

“எல்லாம் எண்டு எனக்குத் தெரியா. ஆனா நீங்க தேடினது இங்க இருக்கு.”

“நாளைக்கு ஒரு கூடையில அள்ளிக்கொண்டு போய்ப் பள்ளியில காட்டுவோம்.”

“கூடையில கொண்டு போனா, தம்பி திரும்பக் கொண்டுவந்து போட்டான் எண்டு மதினி சொல்லுவா. அவங்களை இங்க வரச் சொல்லுங்க. கால வச்சுப் பாக்கட்டும்.”

வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து பள்ளியிலிருந்து வந்த கூட்டத்தை நான் மறக்கமாட்டேன். எல்லோரும் வெள்ளைச் சட்டை, தலையில் தொப்பி, அத்தர் வாசம். களப்புக்கரையில் வரிசையாக நின்றார்கள். ஒருவருக்கும் இறங்க மனமில்லை. மர்ஸூக் ஹாஜியார்தான் பெரியவர், அவர்தான் பார்த்துச் சொல்ல வேண்டும். சட்டையைக் கழற்றி மகனிடம் கொடுத்துவிட்டு, சாரத்தைத் தார்பாய்ச்சிக் கட்டிக்கொண்டு இறங்கினார். நிஸார் அவரைக் கையில் பிடித்து அந்த மூலைக்குக் கூட்டிப்போனான். முபாரிஸ் கரையில் தனியாக ஒரு தென்னையடியில் நின்றான்.

ஹாஜியார் காலைச் சேற்றுக்குள் விட்டார்.

“யா அல்லாஹ்! என்னமோ நெளியுது!”

“அதுதான் ஹாஜியார் அட்டை” என்றான் நிஸார்.

“இதென்னடா, கந்தூரிச் சோத்துக்குக் கூடின மாதிரி! காலை வைக்க இடமில்லயே. இந்தப் பக்கம்… இங்கயும்!” அவர் நிற்க முடியாமல் நிஸாரின் தோளைப் பிடித்துக்கொண்டார். கரையில் நின்றவர்கள் சிரித்தார்கள். ஜெய்னம்புவும் பெண்கள் பக்கத்தில் நின்றாள். அவள் சிரிக்கவில்லை.

ஹாஜியார் கரையேறி, நனைந்த சாரத்தோடு எல்லோருக்கும் கேட்கச் சொன்னார்: “களவு நடக்கல்ல. சத்தியமும் தேவையில்ல. எல்லாரும் வீட்ட போங்க.”

ஆட்கள் கலைந்தார்கள். நிஸார் நேரே முபாரிஸிடம் போனான். அதைச் சொல்லத்தான் வேண்டும், அவன் வீட்டுக்குப் போய் ஒளிக்கவில்லை. கலைந்து போகிறவர்கள் நின்று பார்க்கும்போதே, “மச்சான், நான் புழையாச் சொல்லிட்டேன். மாப்புச் செய்யுங்க” என்று கையை நீட்டினான்.

முபாரிஸ் கையைப் பிடித்தான். ஸலாம் சொன்னான். பிறகு சொன்னான்: “அட்டை கெடச்சிட்டு, சரி. கெடக்காம இருந்திருந்தா, மச்சான்?”

முபாரிஸ் பிடித்த கையை விட்டான்.

“ராத்தா காலை வேற இடத்துல வச்சிருந்தா நான் இண்டைக்குக் கள்ளன். அட்டை இருக்குற இடத்துலதான் என்ட மானம் இருக்கு எண்டா, எனக்கு அந்தக் காவல் வேணாம். மாப்பு ஓம், மாப்புச் செஞ்சிட்டேன். காவலுக்கு வேற ஆளைப் பாருங்க.”

எங்களில் மூத்த சகோதரியை ராத்தா என்போம். ராத்தாவும் அங்கேதான் நின்றாள். தம்பியைத் தடுக்கவில்லை. “அவன் சொல்றதுல புழையில்ல” என்று நிஸாரிடம் சொல்லிவிட்டு, தம்பியின் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு வீட்டுக்குப் போனாள்.

அதற்குப் பிறகு கொட்டிலில் காவல் இருந்தது சுல்பாவும் நிஸாரும்தான். பகலில் அவள், இரவில் நிஸார். அவளுடைய தலையில் ஞானம் முளைத்துவிட்டது என்று யாரும் நினைக்க வேண்டாம். அடுத்த கிழமையே அவளும் நிஸாரும் சேர்ந்து ஒரு மடத்தனம் செய்தார்கள். ஒரு மூலையில் இவ்வளவும் கிடந்தால் தின்னச் சேறு காணாது, பத்தாது, மெலிந்து போகும் என்று ஒரு பங்கை அள்ளி வாசலடியில் கொண்டுவந்து விட்டார்கள். மெலிந்தது மெய்தான், கூட்டம் கூடினால் தீன் குறையும். ஆனால் வாசலடியில் உப்பு இன்னும் ஏறவில்லை. விட்ட அட்டைகளின் தோல் வெந்ததுபோல உரிந்தது. கில்பட் வள்ளத்தில் போகிறபோது அதைக் கண்டு தலையில் அடித்துக்கொண்டான்.

“ஐயோ பிள்ளை, அது போன வழியில தானா வரும். உப்பு ஏறட்டும். நீங்க ஏன் கையால இழுத்துக்கொண்டு வாறீங்க?”

“மெலிஞ்சு போகுது எண்டு…”

“மெலிஞ்சா பிறகு கொழுக்கும். செத்தா கொழுக்குமா?”

சுல்பா கில்பட்டிடம், மழைநாளில் வள்ளம் கட்டிய விஷயத்தையும் கேட்டுவிட்டாள். கில்பட்டுக்கு ஊரில் தன்னைப் பற்றி வந்த கதை அப்போதுதான் தெரிந்தது. சிங்களத்தில் இரண்டு வார்த்தை சொன்னான், அதை இங்கே எழுத வேண்டியதில்லை.

மழைக்காலம் போய் வெயில் ஏறியதும் களப்புக்கு உப்பு வந்தது. அட்டைகள் மூலையை விட்டுக் கொஞ்சம் கொஞ்சமாக ஊர்ந்து வந்தன. நிஸாரின் கயிற்றுக் கணக்கில் வரவில்லை. தண்ணீருக்கடியில் சாதாழைப் புல் முளைத்த விளிம்பில் ஒரு திட்டு, கொட்டில் நிழலில் ஒரு திட்டு, நடுவில் மணல் வெளியில் ஒன்றுமில்லை. நிஸார் இப்போது ஒரே கோட்டில் நடப்பதில்லை. குறுக்கும் மறுக்கும் நடக்கிறான், அந்த மூலைக்கும் போகிறான். “உங்கட ஆக்கள் மாதிரித்தான் இதுவும்” என்று ஜெய்னம்பு ஒருநாள் சொன்னாள். சுல்பாவும் சும்மா இருக்கவில்லை. “அதாலதான் மதினி, எங்கட ஆக்கள்ல ஒருத்தர் காணாமப் போனா நாங்க மொதல்ல தேடுவோம், பொறகுதான் கள்ளன்ட பேர் சொல்லுவோம்” என்றாள். ஜெய்னம்பு போகும்போது தம்பியின் பிள்ளைகளுக்கென்று ஒரு பை மிளகாய்ப் பழம் வைத்துவிட்டுப் போனாள். யாருடைய தம்பியின் பிள்ளைகள் என்று சொல்லவில்லை. நிஸாருக்குப் பிள்ளை இல்லை. சுல்பா அந்தப் பையை முபாரிஸ் வீட்டில் கொண்டுபோய்க் கொடுத்தாள்.

முபாரிஸ் வேறு ஒருவருடைய வள்ளத்தில் நண்டு வலைக்குப் போகத் தொடங்கியிருந்தான். நிஸாரைக் கண்டால் ஸலாம் சொல்வான், அதற்குமேல் கதை இல்லை. பெருநாளைக்கு ராத்தா வீட்டுக்கு வந்தான், நிஸார் பள்ளியால் வருமுன் போய்விட்டான். சுல்பா ஒருவரிடமும் குறை சொல்லவில்லை. ஆனால் அந்த நாட்களில் அவள் மெலிந்ததை நாங்கள் எல்லோரும் கண்டோம்.

அட்டை அள்ளுகிற நாள் வந்தபோது ஆள் போதாமல் போனது. கூலிக்கு வருவதாகச் சொன்ன இரண்டு பேர் ஆலங்குடாப் பக்கம் ஹோட்டல் வேலைக்குப் போய்விட்டார்கள். சுல்பா தம்பியைக் கூப்பிடவில்லை. நிஸார்தான் போனான். என்ன சொன்னான் என்று தெரியாது. மறுநாள் காலையில் முபாரிஸ் தன் கூடையோடு வந்து களப்பில் இறங்கினான். நாள் முழுக்க அந்த ஆழ மூலையில் நெஞ்சளவு தண்ணீரில் நின்று முங்கி முங்கி அள்ளினான். சுல்பாவும் பக்கத்தில் நின்று அள்ளினாள். இடையில் எல்லோரும் கொட்டிலில் ஏறித் தேத்தண்ணி குடித்தார்கள். முபாரிஸ் ஏறவில்லை. அந்தக் கொட்டிலில் இனிக் கால் வைக்கமாட்டேன் என்பதுபோலத் தண்ணீரிலேயே நின்றான்.

நிஸார் இரண்டு கோப்பையைக் கையில் எடுத்துக்கொண்டு ஏணியால் இறங்கினான். தண்ணீர் நெஞ்சுக்கு ஏற ஏறக் கோப்பைகளைத் தலைக்குமேல் உயர்த்திக்கொண்டு போய் முபாரிஸின் முன்னால் நின்றான். ஒன்றை நீட்டினான்.

முபாரிஸ் உடனே வாங்கவில்லை. கூடையைக் கம்பில் கொழுவினான். கையைத் தண்ணீரில் அலசினான். பிறகு வாங்கி ஒரு வாய் குடித்தான்.

“சீனி காணாது, மச்சான்” என்றான்.

“உன்ட ராத்தா ஊத்தினது” என்றான் நிஸார்.

இரண்டு பேரும் அங்கேயே நின்று குடித்து முடித்தார்கள்.